டொக்டர் அன்ரியைக் கேளுங்கோ: "ஸ்கானிலை கர்ப்பப்பை இல்லையாம், என்ரை பிள்ளை தாயாக ஏலாதோ?"

போன இதழிலை ஒரு தங்கச்சிக்கு ரெண்டு வரியிலை பதில் போட்டன், அதுக்குப் பிறகு வந்த கடிதமும் வைபர் மெசேஜும் எல்லாம் ஒரே பக்கத்துக்குத்தான் இழுக்குது. பிறக்கேக்கையே உடம்பின்ரை பால் அமைப்பு வழமையான ஆண், பெண் கணக்குக்கை முழுசா அடங்காத ஆக்கள், இன்டர்செக்ஸ் எண்டு இப்ப சொல்லுறது, அவைக்குப் பிள்ளை பிறக்குமோ, கலியாணம் கட்டலாமோ, ஒப்பரேசன் செய்யவேணுமோ எண்ட கேள்வியள். அதாலை இந்த முறை முழுப் பக்கமும் அதுக்கே. பேர் ஒருத்தருக்கும் போடேல்லை, ஊரையும் பொதுவாத்தான் போட்டிருக்கு, ஆர் எண்டு துருவிக்கொண்டு இருக்காதேங்கோ.

டொக்டர் அன்ரி, என்ரை மகளுக்கு 17 வயசு, இன்னும் சாமத்தியப்படேல்லை. மாமிமார் எல்லாரும் எப்ப சாமத்திய வீடு எண்டு கேட்டுக் கேட்டு எனக்கு இப்ப ஒரு கலியாண வீட்டுக்கும் போக விருப்பமில்லை. தனியாரிலை ஸ்கான் பண்ணினம், கர்ப்பப்பை தெரியேல்லை எண்டு எழுதிக் குடுத்தவை. பேந்து இரத்தம் எடுத்துக் கொழும்புக்கு அனுப்பினதிலை எக்ஸ்வை எண்டு வந்திருக்கு. வயித்துக்கை விரை மாதிரி ஏதோ இருக்கும், கான்சர் வரும், கெதியா வெட்டி எடுக்கவேணும் எண்டினம். மகளுக்கு ஒண்டும் சொல்லேல்லை. அவள் இனித் தாயாக ஏலாதோ? நான் ஏதும் பிழை விட்டுட்டனோ? — ஒரு அம்மா, தென்மராட்சி

அம்மா, கடைசிக் கேள்விக்கு முதல் பதில் சொல்லுறன், நீங்கள் ஒரு பிழையும் விடேல்லை. வயித்திலை இருக்கேக்கை பப்பாசிப்பழம் சாப்பிட்டதாலையோ கிரகணம் பாத்ததாலையோ இது வாறேல்லை. பிள்ளை உருவாகி ரெண்டு மாசத்துக்கை, நீங்கள் கர்ப்பம் எண்டு ஊருக்குச் சொல்ல முந்தியே முடிவான சங்கதி இது.

இப்ப ஒப்பரேசன் கதைக்கு வருவம். நீங்கள் அனுப்பின ரிப்போட்டிலை ரெண்டு விசயம்தான் இருக்கு, கர்ப்பப்பை தெரியேல்லை, குரோமோசோம் 46 எக்ஸ்வை, அது வழமையா ஆம்பிளையளிலை காணுறது. இது ரெண்டையும் வைச்சு நோயின்ரை பேரை ஆரும் சொல்லேல்லை, பேர் சொல்லாமல் வெட்டுறதுக்கு நாள் குறிக்கிறது எனக்குச் சரியாப் படேல்லை. ஏனெண்டா இந்த இடத்திலை ரெண்டு வேறை வேறை நிலை இருக்கு, ரெண்டுக்கும் பதில் தலைகீழ்.

முதலாவது ஆண்ட்ரஜன் உணர்வின்மை, சிஏஐஎஸ் எண்டு டொக்டர்மார் சொல்லுவினம். இதிலை வயித்துக்கையோ கவட்டுப் பக்கமோ விரை இருக்கும், அது ஆண் ஹோர்மோனைச் சுரக்கும், ஆனா உடம்பு முழுக்க அந்த ஹோர்மோனைக் கேக்கிற காது இல்லை, அதாலை உடம்பு பெண்ணாவே வளரும். சுரந்த ஹோர்மோனிலை ஒரு பங்கு ஈஸ்ட்ரஜன் எண்ட பெண் ஹோர்மோனா மாறுறதாலை மார்பு வடிவா வளரும், ஆனா அக்குளிலையும் கீழையும் மயிர் மிச்சம் குறைவாத்தான் இருக்கும். விரை இன்னொரு ஹோர்மோனையும் விடும், ஏஎம்எச் எண்டு பேர், அதுதான் கருவிலேயே கர்ப்பப்பையை வளரவிடாமல் கரைக்கிறது. அதாலை இந்த நிலையிலை கர்ப்பப்பை உண்மையாவே இல்லை. சின்ன வயசிலை மகளுக்குக் கவட்டிலை ஹேர்னியா ஒப்பரேசன் ஏதும் நடந்ததோ எண்டு யோசிச்சுப் பாருங்கோ, கனபேருக்கு அதுதான் முதல் அடையாளம்.

ரெண்டாவது ஸ்வையர் நிலை, 1955 இலை ஸ்வையர் எண்ட டொக்டர் விபரிச்சது. அதுவும் எக்ஸ்வைதான், ஆனா உள்ளுக்கை இருக்கிறது விரையும் இல்லை சூலகமும் இல்லை, ஒரு வேலையும் செய்யாத நார் மாதிரி ஒரு துண்டு. அது ஏஎம்எச் விடாததாலை கர்ப்பப்பை கரையாது, இருக்கும். ஈஸ்ட்ரஜன் கிடைக்காததாலை அது சின்னப்பிள்ளையின்ரை அளவிலை சூம்பிப்போய் இருக்கும், அவசரத்திலை ஸ்கான் பண்ணுற ஆளின்ரை கண்ணுக்குத் தவறிப் போறது நடக்கிற விசயம். "தெரியேல்லை" எண்டு எழுதினது "இல்லை" எண்டு எடுத்துக்கொள்ள ஏலாது அம்மா. இந்தப் பிள்ளையளுக்கு மார்பு வளர்ச்சி இராது, அனேகமா உயரமா இருப்பினம்.

அதாலை நான் உங்களைக் கேக்கிற கேள்வி, கடிதத்திலை நீங்கள் எழுதாமல் விட்டது, மகளுக்கு மார்பு வளந்திருக்கோ? அந்த ஒரு பதிலே பாதிப் பாதையைக் காட்டும். மிச்சத்துக்கு எஃப்எஸ்எச், எல்எச், டெஸ்ட்ரோஸ்டரோன் எண்ட ஹோர்மோன்களுக்கு இரத்தப் பரிசோதனையும் இடுப்பு எம்ஆர்ஐயும் வேணும்.

சிஏஐஎஸ் எண்டா ஒப்பரேசனுக்கு ஓட வேண்டிய அவசரம் இல்லை. வயசுக்கு வாற காலத்துக்கு முன்னம் கான்சர் ஆபத்து மிகக் குறைவு, பெரியாளானாப் பிறகுதான் கூடும், அதோடை அந்த விரைதான் அவவுக்குச் சொந்த ஈஸ்ட்ரஜனைக் குடுத்துக்கொண்டு இருக்கிறது. இப்பவே எடுத்தா நாளைக்கே குளிசை தொடங்கவேணும், விட்டா எலும்பு தேயும். எடுக்கிறதோ, ஸ்கான் பண்ணிப் பாத்துக்கொண்டு வைச்சிருக்கிறதோ எண்டதை 18 தாண்டின மகளே டொக்டரோடை இருந்து கதைச்சு முடிவெடுக்கட்டும். ஸ்வையர் எண்டா நேர்மாறு, அந்த நார்த் துண்டிலை கட்டி வாற ஆபத்து கூட, தெரிஞ்ச உடனை எடுக்கச் சொல்லித்தான் நானும் சொல்லுவன், ஆனா கர்ப்பப்பையிலை கை வைக்கக் கூடாது எண்டு ஒப்பரேசனுக்குக் கையெழுத்து வைக்க முந்திக் கேட்டு எழுத்திலை வாங்குங்கோ.

தாயாகிற கதை இதிலைதான் இருக்கு. ஸ்வையர் பிள்ளைக்கு ஈஸ்ட்ரஜனும் பேந்து புரொஜெஸ்டரோனும் குடுத்தா கர்ப்பப்பை வளரும், மாதவிடாய் வரும், பிறகு இன்னொரு பெண் தானமாக் குடுக்கிற முட்டையைக் கணவரின்ரை விந்தோடை ஐவிஎஃப் எண்டு உடம்புக்கு வெளியிலை கருக்கட்டுற முறையிலை சேர்த்து வைச்சா அவ தன்ரை வயித்திலையே சுமந்து பெறலாம். எக்ஸ்வை குரோமோசோம் உள்ள பெண் ஒருத்தி பிள்ளை பெத்தது எண்டா சனம் வாயைப் பிளக்கும், ஆனா மருத்துவ இதழ்களிலை இப்பிடிப் பிறந்த பிள்ளையள் கனபேர், இரட்டைப்பிள்ளை கூட இருக்கு. தான முட்டையிலை வாற கர்ப்பத்திலை பிரஷர் ஏற வாய்ப்பு கூட, சீசரும் கூட நடக்கும், அதுக்கு ஆயத்தமா இருக்கவேணும். சிஏஐஎஸ் எண்டா நேராச் சொல்லிப்போடுறன், கர்ப்பப்பையும் இல்லை முட்டையும் இல்லை, உள்ளுக்கை இருக்கிற விரையிலை விந்து முத்துறதும் இல்லை, அதாலை இண்டைய வைத்தியத்திலை சொந்த இரத்தத்திலை பிள்ளை எண்டது இல்லை. தத்தெடுத்துத் தாயாகலாம், அதுக்கு ஒரு தடையும் இல்லை.

இன்னொண்டு, சிஏஐஎஸ் தாயின்ரை எக்ஸ் குரோமோசோம் வழியா வாறது, எல்லாருக்கும் இல்லை, ஏறத்தாழ மூண்டிலை ஒரு பங்கு புதுசா வாறது. உங்கடை பக்கத்திலை சாமத்தியப்படாமலே இருந்த பெரியம்மா, சித்தி ஆரும் இருந்தவையோ எண்டு அம்மம்மாவைக் கேட்டுப் பாருங்கோ, இளைய மகள் இருந்தா அவவுக்கும் பரிசோதனை தேவைப்படலாம்.

மகளுக்கு ஒண்டும் சொல்லேல்லை எண்டு எழுதியிருக்கிறியள். 17 வயசுப் பிள்ளை, உயர்தரம் உயிரியல் படிக்கிற வயசு, கையிலை போனும் இருக்கு, அந்த ரிப்போட் ஃபைல் அலுமாரிக்கை எங்கை இருக்கு எண்டு அவளுக்குத் தெரியாது எண்டு நினைக்கிறியளோ? அவள் தனிய இருந்து தேடி அரைகுறையா விளங்கிறதிலும் பாக்க, டொக்டருக்கு முன்னாலை நீங்களும் பக்கத்திலை இருக்கக் கேக்கிறது நல்லது. பெரியாஸ்பத்திரியிலை விஓஜி எண்ட மகப்பேற்று, பெண் நோய் நிபுணரிட்டைக் காட்டி, ஹோர்மோன் வைத்திய நிபுணருக்கு ஒரு கடிதம் வாங்குங்கோ. மாமிமாருக்கு "ஹோர்மோன் பிரச்சினை, டொக்டரிட்டைக் காட்டுறம்" எண்டா காணும், அது பொய்யும் இல்லை.

அன்ரி, எனக்குப் பிறப்பிலையே சிஏஎச், சின்னனிலை ஒப்பரேசனும் நடந்தது, இப்ப 26 வயசு, ஹைட்ரோகோர்ட்டிசோன் குளிசையிலைதான் ஓடுது. போன வருசம் சொந்த மச்சானை, மாமாவின்ரை மகனைக் கட்டினனான். பிள்ளைக்கு முயற்சி செய்யிறம். மாமி சொல்லுறா உந்தக் குளிசையளை நிப்பாட்டினாத்தான் கரு தங்கும், ஸ்ரெரொயிட் பிள்ளையைப் பழுதாக்கும் எண்டு. நிப்பாட்டட்டோ? — வடமராட்சி

தங்கச்சி, நிப்பாட்டாதை. இதை வாசிச்சு முடிக்க முந்தியே சொல்லிப்போட்டன். சிஏஎச் எண்டா இதுதான், உன்ரை சிறுநீரகத்துக்கு மேலை இருக்கிற அதிரினல் சுரப்பிக்கு கோர்ட்டிசோல் எண்ட ஹோர்மோனைச் செய்ய ஏலாது, 21 ஹைட்ரொக்சிலேஸ் எண்ட நொதியம் பழுது. அந்தக் குளிசை உனக்கு மருந்து எண்டதிலும் பாக்க, உடம்பு செய்யாமல் விட்டதை ஈடு கட்டுறது. திடீரெண்டு விட்டா பிரஷர் விழும், சத்தி வரும், உயிருக்கே ஆபத்து, பிள்ளைக்கும்தான்.

கரு தங்கிறதுக்குத் தடை குளிசை இல்லை, குளிசையை ஒழுங்கா எடுக்காததுதான் தடை. கோர்ட்டிசோல் குறைஞ்சா அதிரினல் ஆண் ஹோர்மோனையும் புரொஜெஸ்டரோனையும் அளவுக்கு மிஞ்சி விடும், முட்டை வெளிவராது, கர்ப்பப்பையின்ரை உள்தோலும் கரு ஒட்டுற பதத்துக்கு வராது. அளவைச் சரிப்படுத்தினா உனக்குச் சூலகமும் கர்ப்பப்பையும் முழுசா இருக்கு, 46 எக்ஸ்எக்ஸ், மற்றப் பெட்டையளைப் போலைதான். 2009 இலை லண்டனிலையிருந்து வந்த ஒரு ஆய்விலை சிஏஎச் உள்ள பெண்களிலை பிள்ளைக்கு முயற்சி செய்த 23 பேரிலை 21 பேருக்குக் கர்ப்பம் தங்கினது. முயற்சி செய்தவை குறைவு எண்டதுதான் அதிலை எனக்குக் கவலையான பகுதி, கனபேர் தங்களுக்குக் கிடைக்காது எண்டு யாரோ சொன்னதைக் கேட்டு முயற்சியே செய்யேல்லை.

ஸ்ரெரொயிட் பிள்ளையைப் பழுதாக்கும் எண்ட கதையிலை ஒரு துளி உண்மை இருக்கு, அதை வடிவா விளங்கிக்கொள். ஹைட்ரோகோர்ட்டிசோனையும் பிரெட்னிசொலோனையும் நஞ்சுக்கொடியே பெரும்பாலும் செயலிழக்கச் செய்துபோடும், பிள்ளைக்குப் போய்ச் சேர்றது கொஞ்சம்தான். டெக்ஸாமெதசோன் அப்பிடி இல்லை, தாண்டிப் போகும். அதாலை ஆரும் உனக்கு டெக்ஸாமெதசோன் எழுதியிருந்தா கரு தங்க முந்தியே மாத்தச் சொல்லிக் கேள். கர்ப்பத்தின்ரை கடைசி மாசங்களிலை அளவு கூட்டவேண்டி வரலாம், பிரசவ நேரம் ஊசியாக் கூடுதலாக் குடுப்பினம். ஆஸ்பத்திரிக்குப் போகேக்கை கர்ப்பிணிக் கொப்பியின்ரை முதல் பக்கத்திலை "அதிரினல் குறைபாடு, ஸ்ரெரொயிட் நிப்பாட்டக் கூடாது" எண்டு சிவப்பு மையாலை எழுதுவிச்சு வை, மிட்வைஃப் அக்காவுக்கும் சொல்லு, நீ மயங்கிக் கிடந்தாலும் அந்தக் கொப்பி பேசும். சின்ன வயசிலை ஒப்பரேசன் நடந்த இடத்தைப் பாத்துத்தான் சுகப் பிரசவமோ சீசரோ எண்டு விஓஜி முடிவெடுப்பார்.

இனி மச்சான் கதை. நீ கேக்கேல்லை, ஆனா நான் சொல்லாமல் விட ஏலாது. சிஏஎச் தாய், தகப்பன் ரெண்டு பேரிட்டையும் இருந்து பழுதான மரபணு வந்தாத்தான் வரும். உனக்கு வந்திருக்கு, எண்டா உன்ரை அம்மாவும் அப்பாவும் ரெண்டு பேரும் அதைச் சுமந்தவை, அம்மா சுமந்தா அவவின்ரை அண்ணன், அதுதான் உன்ரை மாமா, சுமக்க ரெண்டிலை ஒரு வாய்ப்பு, அவரின்ரை மகன் சுமக்க நாலிலை ஒண்டு. அப்ப உங்கடை பிள்ளைக்கு சிஏஎச் வர எட்டிலை ஒரு வாய்ப்பு. பிறத்தியிலை கட்டியிருந்தா அது ஏறத்தாழ நூத்திருபதிலை ஒண்டு, ஏனெண்டா பொதுவா அறுபது பேரிலை ஒருவர் அளவிலை இதைச் சுமக்கினம். பயப்பிடுத்தச் சொல்லேல்லை, எட்டிலை ஏழு நல்ல பக்கம்தான். ஆனா அவருக்கு ஒரு மரபணுப் பரிசோதனை முன்னமே செய்தா மனசு தெளியும், கொழும்பு மருத்துவ பீடத்து மனித மரபியல் பிரிவிலை இதைப் பற்றிக் கதைக்கலாம். அவர் சுமக்கேல்லை எண்டா பிள்ளைக்கு நோய் வராது, சுமந்தா பிள்ளை பிறந்த உடனை எதைப் பாக்கவேணும் எண்டு டொக்டர்மார் ஆயத்தமா நிப்பினம்.

மாமிக்கு இந்தப் பக்கத்தைக் காட்டு. அவவின்ரை மகன் வழியாலையும் இது வரலாம் எண்டு வாசிச்சா உன்னை மட்டும் குறை சொல்லுறது கொஞ்சம் குறையும்.

உந்த இன்டர்செக்ஸ் எண்டுறதும் திருநங்கையும் ஒண்டுதானே? எங்கடை ஊரிலை உப்பிடி ஆக்கள் இல்லாத விசயத்தை ஏன் குடும்பப் பத்திரிகையிலை போடுறியள்? — பழைய வாசகர், யாழ்ப்பாணம்

ஒண்டு இல்லை ஐயா. முதலாவது பிறப்பிலையே குரோமோசோம், சுரப்பி, உறுப்பு இதிலை ஏதோ ஒண்டு வேறை மாதிரி அமைஞ்சது, திருநங்கை எண்டது தன்னை ஆர் எண்டு உணர்றதைப் பற்றினது. சிலர் ரெண்டுமா இருக்கலாம். ஊரிலை இல்லை எண்டுறியள், ஒரு எக்ஸ் குரோமோசோம் கூடுதலா இருக்கிற எக்ஸ்எக்ஸ்வை எண்ட ஒரு நிலை மட்டும் அறுநூறு ஆண் பிள்ளையளிலை ஒருவருக்கு, உங்கடை பள்ளிக்கூடத்திலை ஆயிரத்திச் சொச்சம் பொடியள் படிச்சிருந்தா கணக்கைப் போட்டுப் பாருங்கோ. 2006 டோஹா ஆசிய விளையாட்டுப் போட்டியிலை 800 மீற்றரிலை வெள்ளி எடுத்த புதுக்கோட்டை சாந்தி சௌந்தரராஜனிட்டையிருந்து பாலினப் பரிசோதனை எண்டு சொல்லிப் பதக்கத்தைப் பறிச்சதை நீங்கள் பேப்பரிலை வாசிச்சிருப்பியள், அப்ப அது குடும்பப் பத்திரிகையிலைதான் வந்தது.

டொக்டர், எனக்கு 33, கலியாணம் கட்டி நாலு வருசம். விந்திலை அணு ஒண்டும் இல்லை எண்டு ரிப்போட், பிறகு 47 எக்ஸ்எக்ஸ்வை, கிளைன்ஃபெல்டர் எண்டு சொன்னவை. மனுசிக்கு எல்லாம் சரி. உடம்பு சோர்வா இருக்கு, ஜிம்மிலை ஒரு நண்பன் டெஸ்ட்ரோஸ்டரோன் ஊசி போட்டா எல்லாம் சரிவரும், விந்தும் வரும் எண்டான். போடட்டோ? — வலிகாமம்

தம்பி, ஊசி பேந்து. டெஸ்ட்ரோஸ்டரோன் போட்டா தசை வரும், சோர்வு போகும், ஆனா மூளை "வெளியிலை இருந்து வருது, நான் ஏன் மினக்கெட வேணும்" எண்டு விரையை வேலை செய்யச் சொல்லுற எஃப்எஸ்எச், எல்எச் ரெண்டையும் நிப்பாட்டிப்போடும், அப்ப விரைக்கை எங்கையாவது ஒரு மூலையிலை மிஞ்சி இருக்கிற விந்து உற்பத்தியும் நிண்டுபோகும். அந்த மூலையிலைதான் உன்ரை நம்பிக்கை இருக்கு.

கிளைன்ஃபெல்டரிலை விரை சின்னனாவும் இறுக்கமாவும் இருக்கும், வெளியிலை வாற விந்திலை அணு இராது, ஆனா விரைக்கை சில குழாய்களிலை விந்தணு செய்து கொண்டிருக்கலாம். மைக்ரோ டீசே எண்டு ஒரு ஒப்பரேசன் இருக்கு, நுணுக்குக்காட்டிக்குக் கீழை வைச்சு விரையைத் திறந்து, மற்றதுகளிலும் பாக்கக் கொஞ்சம் தடிச்ச, வெள்ளையான குழாயைத் தேடி எடுப்பினம். நூறு பேரிலை நாப்பது, அம்பது பேருக்கு விந்தணு கிடைக்கும், கிடைச்சா ஒரு அணுவை ஒரு முட்டைக்கை ஊசியாலை ஏத்துற இக்சி முறையிலை பிள்ளை பெறலாம், பிறக்கிற பிள்ளையள் பெரும்பாலும் வழமையான குரோமோசோமோடைதான் பிறக்கினம். வயசு ஏற வாய்ப்பு குறையும் எண்டு கனக்க நிபுணர்மார் சொல்லுறவை, அதாலை இன்னும் ரெண்டு வருசம் நேத்தி வைச்சுக்கொண்டு காத்திராதை, நேத்தியையும் வை, கொழும்பிலையோ சென்னையிலையோ இதைச் செய்யிற ஆளையும் தேடு. போறதுக்கு முந்தி ஒரு கேள்வி மட்டும் கேள், "நீங்கள் மைக்ரோ டீசேதான் செய்யிறியளோ, இல்லை ஊசி குத்திப் பாக்கிறியளோ?" எண்டு. கிளைன்ஃபெல்டருக்கு ஊசி குத்திப் பாத்து "இல்லை" எண்டு சொல்லுறதை நான் முடிவா எடுக்கமாட்டன்.

விந்து எடுத்து உறைய வைச்சாப் பிறகு டெஸ்ட்ரோஸ்டரோன் போடு, அப்ப அது உனக்குத் தேவையான மருந்து, எலும்புக்கும் சீனிக்கும் நல்லது. ஆனா ஜிம் நண்பன் குடுக்கிறதை இல்லை.

நாலு வருசமா மனுசியைத்தானே ஊர்ச்சனம் கேட்டுக்கொண்டு இருந்தது. அதை நீ எழுதேல்லை, எண்டாலும் எனக்குத் தெரியும்.

அன்ரி, எனக்கு 24. கர்ப்பப்பை இல்லாமல் பிறந்தனான், எம்ஆர்கேஎச். சூலகம் இருக்காம். வீட்டிலை சம்மந்தம் பேசினம், சாதகம் பொருந்திட்டுதாம். அம்மா சொல்லுறா ஒண்டும் சொல்லாதை, கட்டினாப் பிறகு பாப்பம் எண்டு. நான் சொல்லவேணுமோ? வாடகைத்தாய் முறை எங்கடை ஆக்களுக்குச் சரிவருமோ? — வலிகாமம்

சொல்லவேணும் பிள்ளை, தாலி ஏற முந்தி, அவருக்கு மட்டும், நீயே நேரை. புரோக்கர் வழியாலையும் வேண்டாம், அவரின்ரை அக்கா வழியாலையும் வேண்டாம். மறைச்சுக் கட்டிப்போட்டு மாதம் மாதம் நாப்கின் வாங்கி நடிக்கிற வாழ்க்கை உனக்குத் தேவையில்லை. அவர் ஓடினா ஓடட்டும், சீதனப் பேச்சு முடிய முந்தி ஓடினது லாபம். சட்டத்தைப் பற்றியும் ஒரு வரி, எங்கடை பொது விவாகச் சட்டத்தின்ரை 19ஆம் பிரிவிலை விவாகரத்துக்கு இருக்கிற காரணம் மூண்டு, கலியாணத்துக்குப் புறம்பான உறவு, கெட்ட எண்ணத்தோடை கைவிட்டுப் போறது, கலியாண நேரத்திலையே தீராத உடலுறவு இயலாமை. பிள்ளை பெற ஏலாதது அதிலை இல்லை. உடலுறவுக்கு வேண்டிய யோனி நீளத்தை டைலேட்டர் எண்ட சின்னக் கருவியாலை மாசக்கணக்கிலை பழகியே உண்டாக்கலாம், பெரும்பாலும் ஒப்பரேசனே தேவையில்லை, கலியாணத்துக்கு நாள் வைக்க முந்தி அதைத் தொடங்கு. சிறுநீரகத்தையும் ஒருக்கா ஸ்கான் பண்ணுவி, எம்ஆர்கேஎச் உள்ளவையிலை கனபேருக்கு ஒரு சிறுநீரகம் இல்லாமலோ இடம் மாறியோ இருக்கும்.

உன்ரை சூலகம் மாதம் மாதம் முட்டை விடுது, அதாலை அந்தப் பிள்ளை உன்ரை இரத்தமாவே இருக்கலாம், சுமக்க மட்டும் வேறை வயிறு வேணும். இஞ்சை இலங்கையிலை வாடகைத்தாய் முறைக்கெண்டு தனிச் சட்டம் இல்லை, சட்டம் இல்லாத இடத்திலை பிள்ளை பிறந்தாப் பிறகு பிறப்புச் சான்றிதழிலை ஆரின்ரை பேர் எண்டு இழுபறி வரும், சட்டத்தரணியைப் பாக்காமல் ஒரு சதமும் குடுக்காதை. சென்னைக்குப் போய்ச் செய்யலாம் எண்டு ஏஜெண்டுமார் இன்னும் சொல்லிக்கொண்டு திரியினம், இந்தியாவிலை 2021 இலை வந்த வாடகைத்தாய் ஒழுங்குபடுத்தல் சட்டத்துக்குப் பிறகு காசுக்கு வாடகைத்தாய் தடை, வெளிநாட்டு ஆக்களுக்கும் கதவு பூட்டு, இந்திய வம்சாவளி எண்டு காட்டக்கூடியவைக்கு மட்டும் ஒரு சின்ன இடைவெளி.

கர்ப்பப்பை மாற்று ஒப்பரேசனும் நடக்குது. சுவீடனிலை 2014 செப்டெம்பரிலை முதல் பிள்ளை பிறந்தது, தாய் உன்னைப் போலை எம்ஆர்கேஎச், கர்ப்பப்பை குடுத்தது 61 வயசு குடும்ப நண்பி. இந்தியாவிலை புனேயிலை 2017 மே மாசம் தாயின்ரை கர்ப்பப்பையை மகளுக்கு வைச்சு 2018 ஒக்டோபரிலை பிள்ளை எடுத்தவை. செலவும் பெரிசு, உறுப்பை உடம்பு தள்ளாமல் இருக்க மருந்து எடுக்கவேணும், சீசர்தான், பிள்ளையள் காணும் எண்டாப் பிறகு அந்தக் கர்ப்பப்பையைத் திருப்பி எடுத்துப்போடுவினம். இப்பவே அதுக்காகக் காணி விக்கிற எண்ணம் அப்பாவுக்கு வந்தா தடுத்துவை.

தத்தெடுக்கிறது எண்டா 1941 ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டப்படி மாவட்ட நீதிமன்றத்தாலை நடக்கிறது, விண்ணப்பிக்கிற ஆளுக்கு 25 வயசு ஆகியிருக்கவேணும், பிள்ளையிலும் பாக்க 21 வயசாவது மூப்பு இருக்கவேணும், நன்னடத்தை சிறுவர் பராமரிப்புத் திணைக்களத்திலை பதியலாம். ஆஸ்பத்திரி வாசலிலை "ஒரு பிள்ளை இருக்கு, காசு குடுத்தா சரி" எண்டு வாறவையை நம்பாதை, அது பேந்து பொலிசிலை முடியும்.

நான் பெண்ணா வளந்தனான், 13 வயசிலை குரல் தடிச்சு, உறுப்பும் வளந்து எல்லாம் மாறிட்டுது. 5 அல்பா ரிடக்டேஸ் எண்டு சொன்னவை. இப்ப ஆணாத்தான் வாழுறன், 28 வயசு. தகப்பனாக ஏலுமோ? — தீவகம்

ஏலக்கூடும் தம்பி. உன்ரை உடம்பு டெஸ்ட்ரோஸ்டரோன் செய்யுது, அதைக் கருவிலை வெளி உறுப்பை உருவாக்கிற பலமான வடிவத்துக்கு மாத்திற 5 அல்பா ரிடக்டேஸ் எண்ட நொதியம்தான் குறைவு, அதாலைதான் பிறக்கேக்கை பெண் எண்டு எழுதினவை. டொமினிக்கன் குடியரசிலை இப்பிடிக் கன பிள்ளையள் இருக்கிற ஒரு ஊரைப் பற்றி 1974 இலையே விஞ்ஞான இதழிலை வந்தது, அங்கை பன்னிரண்டு வயசுக்குப் பிறகு பொடியனாகிறது ஊருக்குப் பழகின விசயம்.

விரை கீழை இறங்கியிருக்கோ எண்டதுதான் முக்கியம், வயித்துக்கையோ கவட்டிலையோ இருந்தா சூட்டிலை விந்தணு கெட்டுப்போகும், இறக்கிற ஒப்பரேசனை எப்ப செய்தவை எண்டும் பாக்கவேணும். புரொஸ்டேட் சின்னன் எண்டதாலை விந்து குறைவாவும் தடிப்பாவும் வரும், அதாலை இயல்பாக் கரு தங்கிறது கஷ்டம், ஆனா விந்தைக் கழுவிக் கர்ப்பப்பைக்கை வைக்கிற முறையாலையும் இக்சியாலையும் இந்த நிலையிலை தகப்பனானவை இருக்கினம். முதல் ஒரு விந்துப் பரிசோதனை செய். ஆரும் "குழப்பம், எடுத்துப்போடுவம்" எண்டு விரையிலை கை வைக்க வந்தா விடாதை.

அவசரம் அன்ரி, மகளுக்குப் பிள்ளை பிறந்து ஏழு நாள், ஆணோ பெண்ணோ எண்டு டொக்டர்மாருக்கே தெரியேல்லையாம். 31க்கு முந்தி ஒரு ஒப்பரேசன் செய்து ஒண்டாக்கிப்போட்டு பேர் வைப்பம் எண்டு சம்மந்தி வீடு நிக்குது. — அம்மம்மா, வலிகாமம்

இவவுக்கு நான் அண்டைக்கே போனிலை சொல்லிட்டன், மற்றவைக்காக இதிலையும் போடுறன். பேரும் துடக்குக் கழிவும் காத்திருக்கும், உப்புக் காத்திராது. இப்பிடிப் பிறக்கிற பிள்ளைக்கு முதல் சந்தேகம் சிஏஎச், பிறந்து முதல் மூண்டு கிழமைக்கை, கூடுதலா ரெண்டாம் கிழமையிலை, உடம்பிலை உப்புக் குறைஞ்சு சத்தி எடுத்து, பால் குடிக்காமல், நிறை குறைஞ்சு சோர்ந்துபோகும், வயித்துக்குத்து, தோஷம் எண்டு ஓமவாட்டர் பருக்கிக்கொண்டு இருந்தா பிள்ளை போய்விடும். சோடியம், பொட்டாசியம், 17 ஹைட்ரொக்சி புரொஜெஸ்டரோன் இது மூண்டும் இரத்தத்திலை பாக்கவேணும். ஆம்பிளைப் பிள்ளைக்கு இதே நோய் இருந்தா வெளியிலை ஒரு வித்தியாசமும் தெரியாது, அது இன்னும் பயங்கரம், முந்தி ஒரு பிள்ளை காரணம் தெரியாமல் ரெண்டாம் கிழமையிலை இறந்த வீடு எண்டா கட்டாயம் டொக்டருக்குச் சொல்லுங்கோ.

அழகுக்காக, ஊர் வாய்க்காகச் செய்யிற ஒப்பரேசனுக்கு ஒரு அவசரமும் இல்லை. மால்டா 2015 இலையே அதைத் தடை செய்தது, சென்னை உயர் நீதிமன்றத்தின்ரை மதுரை அமர்விலை 2019 இலை நீதிபதி ஜி.ஆர்.சுவாமிநாதன் குடுத்த தீர்ப்புக்குப் பிறகு தமிழ்நாடு அரசும் உயிராபத்து இல்லாத இடத்திலை இன்டர்செக்ஸ் குழந்தையளுக்கு இந்த ஒப்பரேசனைத் தடை செய்திருக்கு. இண்டைக்கு வெட்டி எறியிற சுரப்பிதான் இருபத்தைஞ்சு வருசத்துக்குப் பிறகு அந்தப் பிள்ளை "எனக்குப் பிள்ளை கிடைக்குமோ" எண்டு கேக்கேக்கை தேவைப்படுறது. சம்மந்தி வீடு அவசரப்பட்டா பெரியாஸ்பத்திரி குழந்தை வைத்திய நிபுணருக்கு முன்னாலை கொண்டுபோய் இருத்துங்கோ, குரோமோசோம் ரிப்போட் வரும் வரைக்கும் செல்லப் பேர் ஒண்டைச் சொல்லிக் கூப்பிடுங்கோ, தேன், நிலா எண்டு ரெண்டுக்கும் பொருந்திற பேர் எங்கடை வீடுகளிலை கனக்க இருக்கு. பிள்ளையை நாளுக்கு நாள் நிறுத்துப் பாத்து எழுதி வையுங்கோ, கிராம் குறைஞ்சா விடியும் வரை பாக்காமல் ஓட்டோ பிடியுங்கோ.